மூழ்காத கப்பலும் உடையாத பாலமும்

1864 பிப்ரவரி 18 அன்று ஒரு கப்பலை நூறு தடவைக்கு மேல் பீரங்கியால் அடித்தார்கள். கப்பல் மூழ்கவில்லை. அது உடைக்க வந்த பாலமும் உடையவில்லை. கப்பல் வந்த வழியே திரும்பிப் போனது, பாலத்தின் மேல் படை நடந்துகொண்டே இருந்தது. போர் வரலாற்றில் இப்படி ஒரு உப்புச்சப்பில்லாத நாளைத் தேடினாலும் கிடைக்காது. ஆனாலும் நான் திரும்பத் திரும்ப இந்த நாளுக்குத்தான் வந்து நிற்கிறேன்.

கப்பலின் பெயர் ரோல்ஃப் கிராகே. டென்மார்க்கின் முதல் சுழல்கூண்டு இரும்புக்கவசக் கப்பல். ஐரோப்பாவில் சண்டையில் இறங்கிய முதல் சுழல்கூண்டுக் கப்பலும் அதுதான். 2014-ல் டேனிஷ் தொலைக்காட்சி எடுத்த ‘1864’ என்ற தொடரைப் பார்த்த பிறகுதான் நான் இந்தப் போரைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தேன். படித்தால் பிஸ்மார்க் வருவார், அரண்கள் வரும், பனியில் பின்வாங்கும் படை வரும். எனக்கு என்னவோ இந்தக் கப்பல்தான் ஒட்டிக்கொண்டது.

போர் எதற்கு என்று கேட்டால் பதில் சொல்வது கஷ்டம். ஷ்லெஸ்விக்-ஹோல்ஸ்டைன் பிரச்சினையைப் புரிந்துகொண்டவர்கள் உலகத்தில் மூன்றே பேர், ஒருவர் செத்துப்போனார், இன்னொருவருக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது, மூன்றாவது ஆள் நான், எனக்கு மறந்துபோச்சு என்று பிரிட்டிஷ் பிரதமர் பாமர்ஸ்டன் சொன்னதாக ஒரு கதை உண்டு. நான் முடிந்தவரை சுருக்கிச் சொல்கிறேன். ஷ்லெஸ்விக், ஹோல்ஸ்டைன், லாவென்பர்க் என்று மூன்று சிற்றரசுகள். மூன்றுக்கும் டென்மார்க் மன்னரே தலைவர். ஹோல்ஸ்டைனும் லாவென்பர்க்கும் ஜெர்மானியக் கூட்டமைப்பில் சேர்ந்தவை. நடுவில் இருக்கும் ஷ்லெஸ்விக்கில் வடக்கே டேனிஷ் பேசுகிறார்கள், தெற்கே ஜெர்மன். 1863 நவம்பரில் மன்னர் ஏழாம் ஃபிரடெரிக் வாரிசில்லாமல் இறந்தார். அடுத்து வந்த ஒன்பதாம் கிறிஸ்டியன், ஷ்லெஸ்விக்கை டென்மார்க்கோடு இறுக்கிக் கட்டும் அரசியல் சட்டத்தில் கையெழுத்துப் போட்டார். அப்படிச் செய்யமாட்டோம் என்று பத்து வருஷத்துக்கு முன்பு டென்மார்க் வாக்குக் கொடுத்திருந்தது. பிஸ்மார்க்குக்கு அந்தக் கையெழுத்து போதும். 1864 பிப்ரவரி 1-ல் பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் எல்லை தாண்டி வந்தன.

டென்மார்க் அதற்கு முன்பே தேய்ந்துகொண்டிருந்த நாடு. 1807-ல் பிரிட்டன் கோபன்ஹேகனைக் குண்டுவீசி எரித்து, மொத்தக் கடற்படையையும் ஓட்டிக்கொண்டு போனது. 1814-ல் நார்வே கைவிட்டுப் போனது. 1845-ல் நம்ம தரங்கம்பாடியையும் வங்காளத்து செராம்பூரையும் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்குக் கம்பெனிக்கு விற்றார்கள். மிச்சம் இருந்தது கொஞ்சம் நிலம், நிறையத் தீவுகள். அவற்றை இணைக்கும் கடலில் மட்டும் நாம்தான் ராஜா என்ற நினைப்பு. அந்த நினைப்பில் பொய் இல்லை. பிரஷ்யாவிடம் அப்போது சொல்லிக்கொள்ளும்படியான கடற்படையே கிடையாது. இரும்புக்கவசக் கப்பல் ஒன்றுகூட இல்லை.

ஆனால் டேனிஷ்காரர்களுக்கு ஒரு பழைய சூடு இருந்தது. இதே பிரச்சினைக்காக 1848-ல் தொடங்கிய முதல் போரில், 1849 ஏப்ரல் 5 அன்று, எக்கர்ன்ஃபோர்டெ என்ற விரிகுடாவுக்குள் அவர்களுடைய பெரிய மரக்கப்பல் ‘எட்டாம் கிறிஸ்டியன்’ நுழைந்தது. கூடவே ‘கேஃபியோன்’ என்ற இன்னொரு போர்க்கப்பல். எதிரே கரையில் இருந்ததோ சில பீரங்கிகள். காற்று எதிர்த்து அடித்ததால் பாய்க்கப்பல்கள் வெளியே வரமுடியாமல் மாட்டிக்கொண்டன. மாலையில் பெரிய கப்பல் தீப்பிடித்து வெடித்தது. நூறு பேருக்கு மேல் செத்தார்கள். சின்னக் கப்பலை எதிரி பிடித்துக்கொண்டான். அந்தப் போரை டென்மார்க் கடைசியில் வென்றது என்றாலும், கரைப் பீரங்கிக்கு முன்னால் மரக்கப்பல் வெறும் விறகு என்ற பாடம் மறக்கக்கூடியதா?

*

கௌப்பர் கோல்ஸ் என்று பிரிட்டிஷ் கடற்படையில் ஒரு கேப்டன். கிரிமியப் போரின்போது 1855-ல் பீப்பாய்களைக் கட்டி ஒரு தெப்பம் செய்து, அதில் பீரங்கியை வைத்து, பெரிய கப்பல் போகமுடியாத ஆழமில்லாத நீரில் போய்ச் சுட்டவர். அங்கே பிடித்தது அவருக்கு ஒரு பைத்தியம். கப்பலின் பக்கவாட்டில் வரிசையாக ஐம்பது பீரங்கி எதற்கு? நாலு பெரிய பீரங்கி போதும். அவற்றை இரும்புக் கூண்டுக்குள் வைத்து, கூண்டையே சுழற்றினால் எந்தப் பக்கமும் சுடலாமே! 1859-ல் காப்புரிமை வாங்கினார். லண்டனில் அதிகாரிகள் யோசித்துக்கொண்டே இருந்தார்கள்.

அதற்குள் அமெரிக்க உள்நாட்டுப் போரில் 1862 மார்ச் 8 அன்று, ஹாம்ப்டன் ரோட்ஸ் என்ற இடத்தில், தெற்கின் இரும்புக்கப்பல் ‘வர்ஜீனியா’ வடக்கின் இரண்டு மரக்கப்பல்களை ஒரே மதியத்தில் நாசம் செய்தது. மறுநாள் வடக்கின் ‘மானிட்டர்’ வந்தது. தட்டையான தளம், நடுவில் ஒரு சுழல்கூண்டு. இரண்டும் மணிக்கணக்கில் ஒன்றையொன்று அடித்துப் பார்த்தன. இரண்டுமே மூழ்கவில்லை. உலகம் முழுக்கக் கடற்படை அலுவலகங்களில் தூக்கம் போனது. டென்மார்க்குக்கு யோசிக்க ஆறு மாதம்கூடத் தேவைப்படவில்லை. அதே ஆண்டு ஆகஸ்ட் மாதக் கடைசியில் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் ராபர்ட் நேப்பியர் நிறுவனத்திடம் ஆர்டர் கொடுத்துவிட்டது. கோல்ஸின் கூண்டோடு கட்டிமுடித்த முதல் கப்பல், அவருடைய சொந்த நாட்டுக்குக் கிடைக்காமல் இந்தச் சின்ன நாட்டுக்குக் கிடைத்தது. 1863 மே மாதம் நீரில் இறக்கினார்கள், கோடை முடிவதற்குள் டென்மார்க்கிடம் வந்துவிட்டது.

பார்க்க அழகான கப்பல் என்று சொல்லமாட்டேன். நீளம் 56 மீட்டர், எடை 1,300 டன் சொச்சம், ஆட்கள் 150 பேர். பக்கங்களில் நாலரை அங்குல இரும்பு. முன்னே ஒரு கூண்டு, பின்னே ஒரு கூண்டு, கூண்டுக்கு இரண்டு பீரங்கி. கூண்டைச் சுழற்ற இயந்திரம் கிடையாது, ஆட்கள்தான் கையால் சுற்றவேண்டும். தளம் நீர்மட்டத்தை ஒட்டித் தாழ்வாக இருக்கும். சாதாரண நாளில் அலை ஏறாமல் ஓரத்தில் மறைப்புச் சுவர் நிற்கும். சண்டை என்றால் கீல் போட்ட அந்தச் சுவரை வெளிப்பக்கமாக மடக்கிவிடுவார்கள். அப்போது எதிரிக்குத் தெரிவது இரண்டு கூண்டும் ஒரு புகைபோக்கியும் மட்டும்தான்.

பெயரையும் சொல்லவேண்டும். ரோல்ஃப் கிராகே என்பவர் பழங்கதைகளில் வரும் டேனிஷ் மன்னர். ‘கிராகே’ அவருடைய பட்டப்பெயர். ஒல்லியாக இருந்த மன்னரைப் பார்த்து ஒரு பையன் ‘ஐயே, வெட்டிய கம்பு மாதிரி இருக்காரே’ என்கிற தோரணையில் சொல்லிவிட்டானாம். மன்னர் கோபப்படாமல், பெயர் வைத்ததற்குப் பரிசாகத் தங்க வளையம் கொடுத்தாராம். பையன் நெகிழ்ந்துபோய், உங்களை யாராவது கொன்றால் நான் பழிவாங்குவேன் என்று சத்தியம் செய்தான். பன்னிரண்டு மாவீரர்கள் சூழ வாழ்ந்த அந்த மன்னரைச் சொந்தபந்தமே இரவில் வளைத்துக் கொன்றது. தாக்கும்போது அவருடைய ஆட்கள் தூங்கிக்கொண்டிருந்தார்கள் என்கிறது கதை. கப்பலுக்குப் பெயர் வைத்தவர்கள் கதையின் முன்பாதியைத்தான் நினைத்திருப்பார்கள்.

*

போர் தொடங்கிய ஐந்தாம் நாளே டென்மார்க்குக்கு முதல் அடி. டானெவிர்கே என்ற பழம்பெரும் மண்சுவர் அவர்களுக்கு எல்லைக்காவல் மட்டும் அல்ல, கிட்டத்தட்டக் கோயில். அந்தக் குளிரில் பக்கத்து நீர்நிலைகள் உறைந்துவிட்டன. எதிரி பனிமேல் நடந்தே சுற்றி வந்துவிடலாம். தளபதி தே மேசா இரவோடு இரவாகப் படையைப் பின்வாங்கச் செய்தார். அந்தப் படையைக் காப்பாற்றிய முடிவு அது. கோபன்ஹேகன் அவரைப் பதவியை விட்டுத் தூக்கியது.

படை வந்து நின்ற இடம் டூபெல். பத்துக் கொத்தளங்கள் கொண்ட ஒரு மேடு. பின்னால் ஆல்ஸ் என்ற தீவு, இரண்டுக்கும் நடுவே ஒடுக்கமான நீரிணை. இடப்பக்கம் ஒரு விரிகுடா, அதன் மறுகரையில் ப்ரோஆகர் தீபகற்பம். இந்தப் படத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பழைய பீரங்கிகளின் காலத்தில் விரிகுடாவுக்கு அந்தப் பக்கமிருந்து டூபெலை அடிக்க முடியாது. அரண்களைத் திட்டமிட்டவர்கள் அந்தத் தூரத்தை நம்பினார்கள். பிரஷ்யர்களிடம் இருந்ததோ குழலுக்குள் மரை வெட்டிய புதுப் பீரங்கி. குண்டு சுழன்றுகொண்டே போகும், ரொம்ப தூரம் போகும், சொன்ன இடத்தில் விழும். ப்ரோஆகரில் அதை நிறுத்தினால் டூபெலின் இடப்பக்கம் திறந்த வீடு.

ப்ரோஆகருக்குப் போகும் குறுக்குவழியில் எகெர்ன்சுண்ட் என்ற இடத்தில்தான் அந்த மிதவைப்பாலம். அதை உடைக்கத்தான் பிப்ரவரி 18-ல் கேப்டன் ரோத தன் கப்பலோடு போனார். 1849-ல் கேட்ட கேள்விக்கு அன்று பதில் கிடைத்தது. கரையிலிருந்து பிரஷ்யர்கள் அடித்தார்கள், அடித்தார்கள். குண்டுகள் கவசத்தில் பட்டுத் தெறித்தன. மரக்கப்பலாக இருந்திருந்தால் இன்னொரு ‘எட்டாம் கிறிஸ்டியன்’ ஆகியிருக்கும். ரோல்ஃப் கிராகேவுக்குப் பெரிய சேதம் எதுவும் இல்லை.

ஆனால் கேள்வி மாறிவிட்டதே. கப்பலுக்கு மூன்று மீட்டருக்கு மேல் ஆழம் வேண்டும். பாலம் இருந்த பக்கம் ஆழம் இல்லை. நெருங்க முடியாத தூரத்திலிருந்து, தாழ்வான கூண்டுக்குள்ளிருந்து, நீர்மட்டத்தோடு படுத்துக்கிடக்கும் ஒரு படகுவரிசையை அடிக்கவேண்டும். பீரங்கிகள் நாலுமே பழைய வகை, உள்ளே வழவழப்பான குழல். உலகத்திலேயே புதிய உடம்பு, தாத்தா காலத்துக் கை. ஒழுங்காகச் சொன்னால், பாலத்தை உடைத்திருந்தாலும் பிரஷ்யர்கள் தரைவழியாகச் சுற்றி ப்ரோஆகர் போயிருக்க முடியும். ஒரு மாதம்கூட ஆகவில்லை, மார்ச் நடுவில் அங்கிருந்து டூபெல்மேல் குண்டு விழ ஆரம்பித்தது.

கப்பல் சும்மா இருக்கவில்லை. மார்ச் 28 விடிகாலையில் பிரஷ்யர்கள் டூபெலின் இடப்பக்கத்தில் ஒரு தாக்குதல் நடத்தியபோது, விரிகுடாவுக்குள் வந்து பக்கவாட்டிலிருந்து அவர்களைச் சுட்டது. தாக்க வந்தவர்கள் பின்வாங்கினார்கள். எனக்குத் தெரிந்து அதன் வாழ்நாளில் சந்தேகத்துக்கு இடமில்லாத ஒரே வெற்றி இது. அதற்குப் பிறகு பிரஷ்யர்கள் எந்தத் திட்டம் போட்டாலும் இந்தக் கப்பலைக் கணக்கில் எடுத்துக்கொண்டுதான் போட்டார்கள்.

ஏப்ரல் 18. எகெர்ன்சுண்டுக்குப் பிறகு சரியாக இரண்டு மாதம். விடிகாலையிலிருந்து ஆறு மணி நேரம் இடைவிடாத குண்டுவீச்சு, காலை பத்து மணிக்குத் திடீரென்று அமைதி, உடனே பாய்ச்சல். முன்வரிசைக் கொத்தளங்கள் அரைமணி நேரத்தில் விழுந்தன. ரோல்ஃப் கிராகே வந்தது, சுட்டது. ஆனால் அது சுடும்போது முக்கியமான காரியம் முடிந்திருந்தது. இந்தமுறை ஒரு குண்டு மேல்தளத்தைத் துளைத்து உள்ளே வெடித்தது. கவசம் பக்கவாட்டில்தான், தலைக்குமேல் இல்லை. அன்று டென்மார்க் தரப்பில் செத்தவர், காயம்பட்டவர், பிடிபட்டவர் எல்லாம் சேர்த்து 4,500-க்கும் மேல். பிரஷ்யத் தரப்பில் சுமார் 1,200. செஞ்சிலுவை அமைப்பு தன் பார்வையாளர்களை அனுப்பிய முதல் போர்க்களம் இதுதான்.

*

இதற்கு அப்புறம் நடந்ததைத்தான் நான் முக்கியமாகச் சொல்ல நினைத்தேன்.

மே 12-ல் போர்நிறுத்தம். லண்டனில் பெரிய நாடுகள் உட்கார்ந்து ஷ்லெஸ்விக்கை எந்தக் கோட்டில் வெட்டலாம் என்று பேசின. ஆளுக்கொரு கோடு. எந்தக் கோட்டை ஏற்றிருந்தாலும் டேனிஷ் பேசும் வடபகுதியில் ஒரு பங்காவது டென்மார்க்கில் நின்றிருக்கும். இடையில் மே 9-ல் ஹெலிகோலாந்து தீவுக்குப் பக்கத்தில் நடந்த கடற்சண்டையில் டேனிஷ் கப்பல்கள் ஆஸ்திரியர்களை விரட்டியிருந்தன. வேடிக்கை என்னவென்றால் அவை எல்லாமே மரக்கப்பல்கள். ஆனாலும் கோபன்ஹேகனில் தெம்பு வந்துவிட்டது. டூபெல் போனால் என்ன, கடல் நம்முடையது. ஆல்ஸ் தீவு, நடுவில் நீர். நீரில் ரோல்ஃப் கிராகே. பிரதமர் மோன்ராட் இறங்கி வரவில்லை. பேச்சுவார்த்தை முறிந்தது. ஜூன் 26-ல் மறுபடியும் போர்.

ஒரு கப்பலை நம்பி ஒரு நாடு பேச்சுவார்த்தையை முறித்தது என்று சொன்னால் அது மிகை. ஆனால் கடலை நம்பியது நிஜம். அந்தக் கடலுக்குக் கண்முன்னே ஒரு உருவம் இருந்தது என்றால் அது நாலு பீரங்கி வைத்த இந்த இரும்புப் பெட்டிதான்.

மூன்றே நாள். ஜூன் 29 நள்ளிரவு தாண்டி இரண்டு மணி வாக்கில் பிரஷ்யர்கள் சுமார் 160 படகுகளில் ஆல்ஸ் நீரிணையைக் கடக்க ஆரம்பித்தார்கள். சில நூறு மீட்டர் அகலம்தான். வடநாட்டுக் கோடை இரவு என்பதால் இருட்டும் முழு இருட்டு இல்லை. துடுப்புப் படகுகள். அவற்றில் அடைந்து உட்கார்ந்த சிப்பாய்கள். ரோல்ஃப் கிராகே அந்தப் படகுகளுக்கு நடுவில் புகுந்தால் என்ன ஆகும்? கட்டிய நாள் முதல் அது காத்திருந்தது இந்த ஒரு மணி நேரத்துக்காகத்தான் என்று தோன்றும்.

கப்பல் வந்தது. கொஞ்ச நேரம் சுட்டது. கரைப் பீரங்கிகள் திருப்பி அடித்தன. பிறகு விலகிப் போனது. படகுகள் போய்ப்போய் வந்துகொண்டே இருந்தன. விடிந்து கொஞ்ச நேரத்தில் தீவு கைமாறிவிட்டது. ஏறக்குறைய 3,000 டேனிஷ் வீரர்கள் இழப்பு, பெரும்பாலும் கைதிகள். மிச்சப் படையைத் தீவின் தென்கோடியிலிருந்து கப்பலேற்றிக் காப்பாற்றினார்கள்.

ரோதவைத் திட்டாத ஆள் இல்லை. முன்பே வந்திருக்கலாம், இன்னும் நின்றிருக்கலாம். எனக்கும் படிக்கும்போது கை பரபரத்தது. ‘ஏன்யா திரும்பின?’ ஆனால் அவர் இடத்தில் நின்று பார்த்தால் வேறு ஒன்று தெரிகிறது. எகெர்ன்சுண்டில் நூறு அடி வாங்கித் தாங்கியது உண்மை. ஏப்ரலில் ஒரே அடி மேல்தளத்தைத் துளைத்ததும் உண்மை. ஒடுக்கமான நீரிணை. எதிரே கரைநெடுகப் பீரங்கி. தரைதட்டினால், புரொப்பெல்லர் மாட்டினால், கப்பல் முழுசாக எதிரி கையில். இன்னொன்று இருந்தால் துணிந்திருப்பார். இரண்டு இருந்தால் ஒன்றை இழக்கலாம். பத்துப் பேருக்கு ஒரே போர்வை இருக்கும் வீட்டில் அந்தப் போர்வையை யாரும் வெளியே எடுத்துப் போவதில்லை. ரோத கோழையா என்று கேட்டால், எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஒற்றைக் கப்பலின் கேப்டன், அவ்வளவுதான்.

இன்னொன்று வாங்க டென்மார்க் முயற்சி செய்யாமல் இல்லை. அமெரிக்கத் தென்மாநிலங்களுக்காக கிளாஸ்கோவில் ரகசியமாகக் கட்டப்பட்ட ஒரு கவசக்கப்பலை வாங்கியது. அது போருக்கு உதவவில்லை. பிரான்சின் போர்தோ நகரில் அதே மாதிரி தென்மாநிலங்களுக்குக் கட்டிய இன்னொன்றை ‘ஸ்டெர்கோடர்’ என்று பெயர் வைத்துக் கேட்டது. அது கோபன்ஹேகனுக்கு வந்து சேர்ந்தபோது நவம்பர். போர் முடிந்துவிட்டது. வேண்டாம் என்று திருப்பிவிட்டார்கள். அந்தக் கப்பல் ‘ஸ்டோன்வால்’ ஆகி, அட்லாண்டிக் தாண்டி ஹவானா போய்ச் சேர்வதற்குள் அமெரிக்கப் போரும் முடிந்து, கடைசியில் ஜப்பானுக்கு விற்கப்பட்டு, 1869-ல் மெய்ஜி அரசுக்காகச் சண்டை போட்டது. அதைத் தனியாகத்தான் எழுதவேண்டும்.

ஆல்ஸ் போன பிறகு கோபன்ஹேகனில் யாருக்கும் தெம்பு இல்லை. இந்தத் தீவுக்கு வந்தவன் அடுத்த தீவுக்கு வரமாட்டானா? ஜூலையில் மோன்ராட் பதவி போனது. அடுத்த ஆண்டு அவர் குடும்பத்தோடு நியூசிலாந்துக்கே போய்விட்டார், காட்டை வெட்டி விவசாயம் செய்ய. அக்டோபர் 30-ல் வியன்னாவில் கையெழுத்து. மூன்று சிற்றரசுகளும் போயின. மன்னர் ஆண்ட நிலத்தில் ஐந்தில் இரண்டு பங்கு, கிட்டத்தட்ட பத்து லட்சம் மக்கள். டேனிஷ் பேசும் வட ஷ்லெஸ்விக்கும் சேர்ந்து போனது. அவர்கள் பிள்ளைகளும் பேரன்களும் ஐம்பது வருஷம் கழித்து முதல் உலகப்போரில் ஜெர்மன் சீருடையில் செத்தார்கள்.

கோல்ஸின் கதையும் சுபமாக முடியவில்லை. ‘ஆர்மினியஸ்’ என்ற சுழல்கூண்டுக் கப்பலை லண்டனில் வாங்கிக்கொண்ட நாடு பிரஷ்யா. வடிவமைத்தவர் அதே கோல்ஸ்தான். ரோல்ஃப் கிராகே கற்றுக்கொடுத்த பாடத்தை எதிரி காசு கொடுத்து வாங்கினான் என்று வைத்துக்கொள்ளலாம். பிறகு பிரிட்டன் அவர் ஆசைப்படியே ‘கேப்டன்’ என்ற பெரிய கப்பலைக் கட்டியது. அதே தாழ்ந்த தளம், ஆனால் மேலே முழு உயரப் பாய்மரங்கள், போகவேண்டியது பெருங்கடல். 1870 செப்டம்பர் 7 அதிகாலையில் ஸ்பெயினுக்கு அருகே காற்றில் கவிழ்ந்தது. 450 பேருக்கு மேல் மூழ்கினார்கள். கோல்ஸும் கப்பலில் இருந்தார்.

ரோல்ஃப் கிராகேவோ மூழ்கவே இல்லை. பீரங்கிகளை மாற்றினார்கள், புதிதாகச் சின்னப் பீரங்கிகள் சேர்த்தார்கள். எதிரிகள் யாரும் வராத கடலில் அது வயதாகிக்கொண்டிருந்தது. 1907-ல் பழைய இரும்புக்கு விற்றார்கள். அன்று எகெர்ன்சுண்டும் டூபெலும் ஆல்ஸும் ஜெர்மனியில் இருந்தன. அவை டென்மார்க்குக்குத் திரும்பி வந்தது 1920-ல், மக்கள் போட்ட ஓட்டில்.